நத்தை தின்னும் ஹவாய்ப் புழுவும் நம் வீட்டுச் சுவரில் ஒட்டியிருக்கும் கூடும்

கேள்வி இதுதான். ஹவாய் தீவுகளில் நத்தையைத் தின்கிற ஒரு புழு இருக்கிறதாமே, அது தன் வீட்டை முதுகிலேயே சுமந்து திரிகிறதாமே, எங்கள் குளியலறைச் சுவரில் பூசணி விதை மாதிரி சாம்பல் நிறத்தில் ஒட்டிக்கொண்டு மெதுவாக நகர்கிறதே, அதுவும் இதுவும் ஒன்றா? ஒன்றென்றால் தோட்டத்தை மொட்டையடிக்கும் ஆப்பிரிக்க நத்தைமேல் இதை ஏவிவிடலாமா?

இரண்டும் ஒன்றில்லை, ஏவிவிடவும் முடியாது. இதோடு நிறுத்தியிருப்பேன். ஆனால் சுவரில் இருப்பதைப் பார்த்துவிட்டு ஹவாய்ப் புழுவை நினைத்தீர்கள் பாருங்கள், அந்த ஒப்பீடு நீங்கள் நினைத்ததைவிடச் சரியானது. அதனால் கொஞ்சம் நீட்டியே சொல்கிறேன்.

முதலில் ஒரு பெயர்க் குழப்பம். பள்ளிப் புத்தகத்தில் ‘கூட்டுப்புழு’ என்றால் புழு சாப்பாட்டை நிறுத்திவிட்டுக் கூட்டுக்குள் அடங்கிக் கிடக்கிற பருவம். இங்கே பேசுவது அதைப் பற்றி இல்லை. இவை முட்டையிலிருந்து வந்த சில நாளிலேயே கூடு கட்டத் தொடங்கி, அதைச் சுமந்துகொண்டே சாப்பிட்டு, வளர வளரக் கூட்டையும் பெரிதாக்கி, கடைசியில் அதே கூட்டுக்குள் அடங்கிப் பிறகு அந்துப்பூச்சியாக வெளியே வருகிறவை. நம் விவசாயிகள் இந்த மாதிரி ஆளைக் ‘கூண்டுப்புழு’ என்பார்கள். நானும் அப்படியே சொல்கிறேன்.

சுவரில் இருப்பதை ஒருமுறை எடுத்து உள்ளங்கையில் வைத்துப் பாருங்கள், கடிக்காது. ஒரு சென்டிமீட்டர் போல நீளம், தட்டை, நடுவில் அகலம், இரு முனையிலும் மெல்லிய கீறல். கையை ஆட்டாமல் ஒரு நிமிடம் பொறுத்தால் ஒரு முனையிலிருந்து பழுப்புத் தலை எட்டிப் பார்க்கும், பின்னாலேயே மூன்று ஜோடிக் கால்கள் வரும், தோலைப் பற்றி ஒரு இழு இழுக்கும், வண்டி பின்னால் வரும். விரலால் தொட்டால் சட்டென்று உள்ளே போய்விடும். கொஞ்ச நேரம் கழித்துப் பார்த்தால் மறுமுனையிலிருந்து தலை நீட்டும். உள்ளேயே குட்டிக்கரணம் அடித்துத் திரும்பிக்கொள்கிறது, நடுப்பகுதி அகலமாக இருப்பது இதற்குத் தோதாக இருக்கிறது. கூட்டின் உள்பக்கம் பட்டு நூல், வெளிப்பக்கம் மணல், சுண்ணாம்புத் துகள், தூசி என்று கிடைத்ததெல்லாம். எங்கள் வீட்டில் ஏசி மாட்டச் சுவரில் துளை போட்டார்கள். அடுத்த சில நாளில் அந்தச் சுவரில் இருந்த ஒரு கூட்டின் ஓரம் மட்டும் செங்கல் நிறத்தில் இருந்தது. கையில் இருக்கிற சரக்கை வைத்துக் கட்டுகிற மேஸ்திரி.

இதன் சாப்பாடு என்ன தெரியுமா? பழைய ஒட்டடை. அதோடு செத்த பூச்சி, உதிர்ந்த முடி, கம்பளி நூல். நம் பீரோவில் பட்டுப்புடவையையும் ஸ்வெட்டரையும் அரிக்கிற துணி அந்து இருக்கிறதே, அந்தக் குடும்பத்தைச் சேர்ந்ததுதான் இதுவும். பேரினப் பெயர் ஃபெரியோகா. அதில் ஓர் இனம் இந்தியா, இலங்கை, ஹவாய் மூன்று இடத்திலும் பதிவாகியிருக்கிறது. அதாவது ஹொனலுலுவில் ஒருவர் வீட்டுச் சுவரில் இப்படி ஒன்று நகர்ந்தால், அதுவும் பெரும்பாலும் நம் வீட்டு ஆள்தான். மனிதன் போன இடமெல்லாம் சாமான்களோடு சேர்ந்து போன ஊர்சுற்றி. நீங்கள் கேட்ட நத்தை தின்னி வேறு ஜாதி, ஹவாயைத் தவிர உலகத்தில் வேறெங்கும் கிடையாது.

அதன் பேரினம் ஹைப்போஸ்மோகோமா. 1870களின் கடைசியில் ஹவாயில் இருந்த தாமஸ் பிளாக்பர்ன் என்ற பாதிரியார் பூச்சிகளைச் சேகரித்து லண்டனுக்கு அனுப்பினார். அவற்றைப் பார்த்து 1881இல் ஆர்தர் பட்லர் இந்தப் பெயரை வைத்தார். அதற்குப் பிறகு வால்சிங்ஹாம் பிரபு என்ற ஆங்கிலேயர் 1907இல் ஏராளமான இனங்களை விவரித்து எழுதினார். சுவர்க் கூண்டுப்புழுவின் ஓர் இனத்துக்கும் 1897இல் பெயர் வைத்தவர் இவரே. ஆளைப் பற்றி ஒரு உபரித் தகவல்: 1888இல் ஒரே நாளில் 1,070 காட்டுக்கோழிகளைச் சுட்டுத் தள்ளிச் சாதனை என்று பெயர் வாங்கியவர். பகலெல்லாம் துப்பாக்கி, மற்ற நேரத்தில் ஐந்து மில்லிமீட்டர் சிறகை ஊசியால் விரித்துக் குத்தி வைக்கிற பொறுமை. எப்படி ஒரே உடம்பில் இரண்டும் இருந்ததோ!

இப்போது இந்தப் பேரினத்தில் 350 இனங்களுக்கு மேல் பெயர் வைத்தாகிவிட்டது, பெயரில்லாமல் இன்னும் இருக்கின்றன. பரிணாமம் என்றதும் எல்லோரும் கலாபகோஸ் தீவின் டார்வின் குருவிகளைத்தான் இழுப்பார்கள். அவை மொத்தமே இருபதுக்கும் குறைவு. இங்கே ஒரே பேரினத்தில் முந்நூற்றுச் சொச்சம், அதுவும் நான்கு காசு அளவுக்குச் சில தீவுகளில். ஆனால் அந்துக்கு விளம்பரம் செய்ய யாருமில்லை. வளர்ந்த அந்து பார்ப்பதற்கு அரிசிப் பானையைத் திறந்தால் பறக்குமே, அந்த அளவில்தான் இருக்கும். விஷயமெல்லாம் புழுவிடம்.

புழுவிடம் என்ன விஷயம் என்றால், கூடு. ஒவ்வொரு கூட்டமும் ஒவ்வொரு வடிவத்தில் கட்டுகிறது. கூம்பு மாதிரி ஒன்று, சுருட்டு மாதிரி ஒன்று, இரண்டு பக்கமும் முறுக்கிய மிட்டாய்க் காகிதம் மாதிரி ஒன்று. அங்கே ஆராய்ச்சி செய்கிறவர்கள் பரிட்டோ என்று மெக்சிகோ பலகாரத்தின் பெயரை வைத்த ஒரு வடிவம் இருக்கிறது, நாம் பார்த்தால் பிடிகொழுக்கட்டை என்றிருப்போம். கூட்டைப் பார்த்தே எந்தக் கிளை என்று ஓரளவு சொல்லிவிடலாம். பெரும்பாலானவை சாதுவானவை: மரப்பட்டையிலும் எரிமலைப் பாறையிலும் படிந்திருக்கும் பாசி, கற்பாசி, மக்கிய மரம் இவற்றைச் சுரண்டித் தின்று காலம் தள்ளுகின்றன.

இங்கேதான் நத்தைக்காரர் வருகிறார். 2005இல் ஹவாய்ப் பல்கலைக்கழகத்தின் டேனியல் ருபினாஃபும் வில்லியம் ஹெய்ன்ஸும் மாவி தீவிலிருந்து ஓர் இனத்தை அறிவித்தார்கள். பெயரிலேயே மொல்லஸ்கிவோரா, மெல்லுடலி தின்னி. எட்டு மில்லிமீட்டர் போல இருக்கும் புழு. இலையில் ஒரு நத்தை அசையாமல் ஓய்வெடுப்பதைப் பார்த்தால் அவசரப்படாது. நத்தையின் ஓட்டைச் சுற்றி இலையோடு சேர்த்துப் பட்டு நூலால் வரிந்து கட்டும். சிலந்தி ஈயைக் கட்டுமே, கிட்டத்தட்ட அப்படி. சில நத்தை ஆபத்து வந்தால் பிடியை விட்டுக் கீழே விழுந்து தப்பிக்கும், கட்டிப் போட்டபின் எங்கே விழ? அப்புறம் தன் கூட்டை ஓட்டின் வாயில் முட்டுக்கொடுத்து நிறுத்திவிட்டு, உடம்பை நீட்டி உள்ளே போகிறது. நத்தை உள்ளே உள்ளே சுருங்கும், புழுவும் பின்னாலேயே போகும். சுருள் படிக்கட்டு முடிகிற இடத்தில் கதையும் முடிந்துவிடும். சில புழு, தின்று முடித்த காலி ஓட்டைத் தன் கூட்டிலேயே ஒட்டிக்கொள்கிறது.

எனக்கு இதில் ஆச்சரியம் கொலை இல்லை. அந்த நூல்தான். எல்லாப் புழுவும் பட்டு நூல் விடும், ஒளிந்துகொள்ள, தொங்க, கூடு கட்ட. இரையைக் கட்ட அதைப் பயன்படுத்துகிற புழு என்று அதற்கு முன் எதுவும் தெரிந்திருக்கவில்லை. நத்தை தின்கிற புழுவும் அதுவே முதல். பட்டினி போட்டுப் பார்த்தார்கள், சொந்தக்காரர்கள் தின்கிற பாசியையும் கற்பாசியையும் வைத்தார்கள், தொடவில்லை. ஒன்றேகால் லட்சத்துக்கும் மேற்பட்ட வண்ணத்துப்பூச்சி, அந்து இனங்களில் அசைவமாகிவிட்டவை சில நூறுதான் என்பதைப் பக்கத்தில் வைத்துப் பார்த்தால், இது எவ்வளவு அபூர்வம் என்று புரியும்.

சரி, அடுத்தவர் தண்ணீர்க்காரர். இதற்கு நம் ஊர் உதாரணம் ஒன்று வைத்துத்தான் தொடங்க வேண்டும். நெல் வயலில் தண்ணீர் கட்டிய இடத்தில் இலை நுனியைக் கத்தரித்துக் குழாயாகச் சுருட்டி அதற்குள் இருந்துகொண்டு மிதக்குமே, அதுதான் நம் கூண்டுப்புழு. மண்ணெண்ணெயில் நனைத்த கயிற்றைப் பயிரின் மேலே இரண்டு பேர் இழுத்துக்கொண்டு போனால் கூண்டெல்லாம் தண்ணீரில் விழும், பிறகு வயலை வடித்து விடுவார்கள். இந்தப் புழுவுக்கு உடம்பின் ஓரமெல்லாம் இழை இழையாகச் செவுள் உண்டு, அதனால்தான் தண்ணீர் இருக்கிற வரை அதன் ராஜ்யம், வடித்தால் அவுட். ஹவாய் மலைகளில் விழுந்து ஓடுகிற ஓடைகளில் ஹைப்போஸ்மோகோமா இனங்கள் சில இருக்கின்றன, அவற்றுக்குச் செவுளே கிடையாது. தண்ணீருக்கு அடியில் வாரக்கணக்கில் இருக்கும், பாறை காய்ந்துவிட்டால் காய்ந்த பாறையிலும் அதே வேலையைப் பார்த்துக்கொண்டிருக்கும். பிராணவாயுவைத் தோல் வழியாகவே இழுத்துக்கொள்கிறது என்று ருபினாஃபும் பாட்ரிக் ஷ்மிட்ஸும் 2010இல் எழுதினார்கள். ஒரே நிபந்தனை, தண்ணீர் ஓட வேண்டும். தேங்கிய தண்ணீரில் விட்டால் மூழ்கிச் செத்துவிடும். வெள்ளம் அடித்துக்கொண்டு போகாமல் இருக்கப் பாறையில் நூலைக் கட்டி நங்கூரம் போட்டுக்கொள்கிறது, மறுபடியும் அதே நூல். இதில் இன்னொரு வேடிக்கை, இந்தத் தண்ணீர் வாழ்க்கை ஒரே தடவை வந்து பரவியதாகத் தெரியவில்லை, வெவ்வேறு கிளைகள் தனித்தனியாக மூன்று தடவையாவது ஓடையில் இறங்கியிருக்கின்றன.

கடைசியாக வந்தவர்தான் இப்போது பேர் வாங்கிக்கொண்டிருக்கிறார், 2025 ஏப்ரலில் வெளியான ஆய்வு. ‘எலும்பு சேகரிப்பவர்’ என்று செல்லப்பெயர். ஓவாஹு தீவின் வையானே மலைத்தொடரில் சுமார் 15 சதுர கிலோமீட்டர் காட்டுக்குள் மட்டும் இருக்கிறது. இருபது வருடத்துக்கும் மேலான தேடலில் மொத்தம் 62 புழுதான் கிடைத்திருக்கிறது. மரப்பொந்திலும் பாறை இடுக்கிலும் இருக்கிற சிலந்தி வலையில் குடியிருக்கிறது. வலையில் சிக்கிச் செத்த, சாகக் கிடக்கிற பூச்சியைத் தின்கிறது. தின்ன முடியாத பாகங்கள், வண்டின் தலை, எறும்பின் கால், ஈயின் சிறகு, இவற்றை ஒவ்வொன்றாக வாயால் புரட்டிப் பார்த்து, அளவு பெரிதாக இருந்தால் கடித்துச் சின்னதாக்கிக் கூட்டின் மேல் தைத்துக்கொள்கிறது. குச்சி, தூசி கொடுத்தால் வேண்டாமாம், பிணத்தின் துண்டுதான் வேண்டும். சிலந்திக்கு இது பழைய குப்பை மாதிரித் தோன்றுவதால் தப்பிக்கிறது என்பது ஆய்வாளர்களின் ஊகம். ஒரு வலையில் ஒன்றுதான் இருக்கும், இரண்டு சேர்ந்தால் ஒன்றை இன்னொன்று தின்றுவிடும்.

ஒட்டடை தின்கிற நம் சுவர்க்காரரையும் இதையும் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். வெவ்வேறு குடும்பம், உறவு ரொம்பத் தூரம். ஆனால் இரண்டுமே சிலந்தியின் மிச்சத்தில் பிழைக்கின்றன, இரண்டுமே கையில் கிடைத்ததை வைத்துக் கூடு கட்டுகின்றன. நெல்லில் இருப்பது மூன்றாவது குடும்பம். கருவேல மரத்தில் சின்னச் சின்னக் குச்சியைக் கட்டு கட்டி விறகுக்கட்டு மாதிரித் தொங்குமே, அது நான்காவது. கூடு என்கிற ஒரே யோசனை எத்தனை தடவை, எத்தனை வீட்டில்! என் எண்ணம் என்னவென்றால், ஹவாயில் இந்தப் பேரினம் இவ்வளவு ஆட்டம் போட்டதற்கு அந்தக் கூடே பெரிய காரணம். மிருதுவான உடம்பு, மேலே ஒரு கவசம், கையில் எப்போதும் நூல் என்று இருக்கிற பிராணிக்கு ஓடை, நத்தை ஓடு, சிலந்தி வலை எல்லாமே போய்ப் பார்க்கக்கூடிய இடம். வெறும் உடம்போடு போகிற புழுவுக்கு அந்தத் தைரியம் வராது. இது என் கணக்கு, நிரூபணம் கேட்காதீர்கள்.

ஆனால் கூடு மட்டும் இருந்தால் நம் ஊரிலும் நத்தை தின்னி வந்திருக்க வேண்டுமே? அதற்குத் தீவு வேண்டும். ஹவாய் கலிபோர்னியாவிலிருந்து கிட்டத்தட்ட 3,800 கிலோமீட்டர், நடுக்கடல். அங்கே தானாகப் போய்ச் சேர்ந்தவை ரொம்பக் கொஞ்சம். எறும்பு கூட இயற்கையாக அங்கே கிடையாது, இப்போது இருப்பதெல்லாம் மனிதன் கொண்டுபோனது. ஆளில்லாத வேலைகள் நிறையக் காலியாகக் கிடந்தன, வந்து சேர்ந்தவர் பிள்ளைகள் அவற்றைப் பங்கு போட்டுக்கொண்டார்கள். இது கூண்டுப்புழுவோடு நிற்கவில்லை. அளவெடுத்து நடக்கிற வளையப்புழு ஒன்று அங்கே இலை ஓரத்தில் குச்சி மாதிரி நின்றுகொண்டு, ஈ வந்து உரசினால் பின்பக்கம் வளைந்து சட்டென்று பிடித்துவிடும். ஸ்டீவன் மான்ட்கோமரி 1972இல் இதைக் கண்டபோது யாரும் எதிர்பார்க்காத விஷயம் அது. கும்பிடுபூச்சி இல்லாத ஊரில் புழு கும்பிடுபூச்சி வேலையைப் பார்த்திருக்கிறது.

இன்னொன்று காலம். ஹவாய்த் தீவுகள் கடலடியில் ஒரே இடத்தில் இருக்கிற எரிமலைச் சூட்டிலிருந்து ஒவ்வொன்றாக எழுந்து, வடமேற்கே நகர்ந்து, தேய்ந்து, மூழ்கிப் போகிறவை. இன்று பெரிதாக இருக்கிற தீவுகளில் மூத்தது கவாய், வயது சுமார் 50 லட்சம் ஆண்டு. ஹைப்போஸ்மோகோமாவின் முன்னோர் வந்து சேர்ந்ததோ சுமார் 1.5 கோடி ஆண்டுக்கு முன் என்று மரபணுக் கணக்கு சொல்கிறது. அப்படியென்றால் முதலில் வந்து இறங்கிய தீவு இப்போது ஏறத்தாழக் கரைந்தே போயிருக்கும். தீவு தேயத் தேயப் பக்கத்தில் புதிதாக எழுந்ததற்குத் தாவித் தாவி வந்திருக்கிறார்கள். நீஹோவா, நெக்கர் மாதிரி வடமேற்கில் மிச்சமிருக்கிற பாறைத் துண்டுகளில் இன்றும் இந்தப் பேரினம் இருக்கிறது. எலும்பு சேகரிப்பவரின் கிளைக்கு வயது குறைந்தது 60 லட்சம் ஆண்டு, அது இப்போது குடியிருக்கும் ஓவாஹு அதைவிட இளையது. குடித்தனக்காரருக்கு வீட்டைவிட வயது அதிகம்.

இப்போது ஆப்பிரிக்க நத்தைக்கு வருவோம். தமிழ்நாட்டிலும் கேரளத்திலும் மழைக்காலத்தில் பப்பாளி, வாழைக்கன்று எல்லாவற்றையும் வழித்துத் தின்கிற அந்த நத்தை உள்ளங்கை நீளத்துக்கு வளரும். அந்த ஹவாய்ப் புழு தின்கிற நத்தையோ கடுகைவிடப் பெரியது, பாசிப்பயறைவிடச் சின்னது. எட்டு மில்லிமீட்டர் புழு அதன் முன்னால் போய் நின்றால் நத்தைக்கு அது தெரியக்கூடத் தெரியாது. அதோடு அந்தப் புழு அந்த மலைக்காட்டின் ஈரத்தை விட்டு வெளியே வாழப் பழகியதில்லை.

அளவு ஒத்துவந்தால்கூட வேண்டாம் என்றே சொல்வேன், காரணம் ஹவாயிலேயே இருக்கிறது. அங்கேயும் 1936இல் ஆப்பிரிக்க நத்தை போய்ச் சேர்ந்தது. அதை ஒழிக்கிறோம் என்று 1955இல் ஃப்ளோரிடாவிலிருந்து நத்தை தின்கிற நத்தை ஒன்றைக் கொண்டுவந்து விட்டார்கள், ஓநாய் நத்தை என்று பெயர். அது பெரியதை விட்டுவிட்டு மரத்தில் இருந்த உள்ளூர் நத்தைகளைத் தேடித் தேடித் தின்றது. உலகத்தில் வேறெங்கும் இல்லாத இனங்கள் பல அதனாலும் எலியாலும் காடு அழிந்ததாலும் போய்விட்டன. ஜார்ஜ் என்று பெயர் வைத்து வளர்த்த ஒரு மரநத்தை, அதன் இனத்தில் கடைசி ஆள், 2019 ஜனவரி 1 அன்று செத்தது. ஆப்பிரிக்க நத்தை இன்னும் அங்கே நலமாக இருக்கிறது. உங்கள் தோட்டத்துக்குப் பழைய வழிதான்: சாயங்காலம் ஈரச் சாக்கை விரித்து அதன்மேல் முட்டைக்கோஸ் இலை, பப்பாளித் தழை போட்டு வையுங்கள், விடியற்காலையில் அடியில் கூடியிருப்பதைக் கையுறை போட்டுப் பொறுக்கி உப்புத் தண்ணீரில் போடுங்கள். வெறுங்கையால் தொட வேண்டாம், மூளையைப் பாதிக்கிற ஒரு புழு அதன் உடம்பில் இருக்கக்கூடும்.

சுவரில் இருப்பதற்கு மருந்து எதுவும் அடிக்கத் தேவையில்லை. அலமாரிக்குப் பின்னாலும் மூலையிலும் ஒட்டடை அடித்து, செத்த பூச்சியைக் கூட்டித் தள்ளிவிட்டால் சாப்பாடு தீர்ந்து தானாகக் குறையும். கம்பளி இருக்கிற பெட்டியை மட்டும் மூடி வையுங்கள். எடுத்துப் போடுவதற்கு முன் கூட்டின் முனையைப் பாருங்கள், மெல்லிய பழுப்புத் தோல் ஒன்று பாதி வெளியே நீட்டிக்கொண்டிருந்தால் உள்ளே யாருமில்லை, அந்து முன்னமே கிளம்பிப் போய்விட்டது.